தலகட்டும் புள்ளியும்

"அக்கா, கோர்ஸ் முடிச்சுட்டேன். சர்டிஃபிகேட்டும் வந்துடுச்சு. போர்ட்ஃபோலியோல என்ன வைக்கிறதுன்னுதான் தெரியல."

எங்கள் அபார்ட்மென்ட்டில் மூன்றாவது மாடிப் பெண் போன ஞாயிற்றுக்கிழமை படிக்கட்டில் நிறுத்திக் கேட்டாள். கையில் பால் பாக்கெட்டோடு நின்றிருந்தேன். "சாயந்திரம் வா, உட்கார்ந்து பேசலாம்" என்றேன். வந்தாள். இரண்டு மணி நேரம் பேசினோம். அவள் போன பிறகுதான் சொல்ல வேண்டியதில் பாதி சொல்லாமல் விட்டது தெரிந்தது. அவளுக்காகவும், அவளைப் போலக் கேட்கப் போகிற மற்றவர்களுக்காகவும் இங்கே எழுதி வைக்கிறேன்.

ஹைதராபாத் என்றதும் ஹைடெக் சிட்டியின் கண்ணாடிக் கட்டடங்கள் ஞாபகம் வரும். நாங்கள் இருக்கும் குஷாய்குடா அதற்கு எதிர்ப்பக்கம், நகரத்தின் வடகிழக்கு ஓரத்தில். அணுசக்தித் துறையின் கீழ் 1967-இல் தொடங்கிய இ.சி.ஐ.எல். நிறுவனத்தைச் சுற்றி வளர்ந்த பகுதி இது. பக்கத்தில் மௌலாலி, காப்ரா, செர்லபல்லி, ஏ.எஸ். ராவ் நகர். இ.சி.ஐ.எல்-ஐ உருவாக்கிய ஏ.எஸ். ராவின் பெயர்தான் அந்த நகருக்கு. இங்கே பஸ் டிப்போ உண்டு, ரைத்து பஜார் உண்டு, காலை எட்டு மணிக்கே இரும்பு வாசனை கிளம்பும் லேத் பட்டறைகள் உண்டு. அம்பத்தூர் எஸ்டேட்டில் டர்னராக இருந்த அப்பா அப்படி ஒரு பட்டறைக்குத்தான் 1996-இல் வந்து சேர்ந்தார். நான் இங்கேயே பிறந்து வளர்ந்தவள். வீட்டில் தமிழ், தெருவில் தெலுங்கு, பஸ்ஸில் ஹிந்தியும் தெலுங்கும் கலந்த ஹைதராபாதி.

அந்தப் பெண் கேட்ட அதே கேள்வியோடு 2018-இல் நானும் நின்றேன். பி.காம். முடித்து ஆறு மாதக் கோர்ஸ். ஃபோட்டோஷாப், இல்லஸ்ட்ரேட்டர், கோரல்டிரா மூன்றும் ஓரளவு கைக்கு வந்திருந்தன. போர்ட்ஃபோலியோவில் பதினெட்டு லோகோக்கள். இல்லாத காபிக் கடைக்கு ஒன்று, இல்லாத ஷூ கம்பெனிக்கு ஒன்று, இல்லாத யோகா ஸ்டுடியோவுக்கு ஒன்று. எல்லாம் ஆங்கிலத்தில், எல்லாம் வெள்ளைப் பின்னணியில், இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும் கோப்பை, டி-ஷர்ட் மாதிரிப் படங்களில் ஒட்டப்பட்டவை.

மாதாப்பூரில் ஒரு நிறுவனத்தில் அதைக் காட்டினேன். என்னைப் பார்த்த மேடம் ஒரு பக்கம்கூட விடாமல் புரட்டினார். பிறகு இரண்டு கேள்விகள் கேட்டார். "இதுல எது பிரிண்ட் ஆச்சு?" எதுவும் இல்லை. "இதுல எதையாவது யாராவது வேண்டாம், மாத்துன்னு சொன்னாங்களா?" யாரும் சொல்லவில்லை. எழுந்து கிளம்பும்போது மூன்றாவதாக ஒன்று கேட்டார். "நீ இருக்கிற தெருவுல எல்லா போர்டும் இங்கிலீஷ்லயா இருக்கு?"

வேலை கிடைக்கவில்லை. அந்த மேடம் மேல் இன்றுவரை எனக்கு நன்றிதான். மாதாப்பூரிலிருந்து வீட்டுக்கு வரும் நீண்ட பஸ் பயணம் முழுவதும் ஜன்னல் வழியே போர்டுகளையே பார்த்துக்கொண்டு வந்தேன். தெலுங்கு, ஆங்கிலம், ஹிந்தி, இடையிடையே உருது. பிறந்ததிலிருந்து பார்த்த தெருக்கள்தான். எழுத்துகளாக அவற்றை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

அடுத்த மாதமே டிப்போவுக்குப் பக்கத்துச் சந்தில் ஒரு டிடிபி கடையில் சேர்ந்தேன். கல்யாணப் பத்திரிகை, பில் புக், ரப்பர் ஸ்டாம்ப், ஸ்கூல் நோட்டீஸ், அரசியல் கட்சி ஃப்ளெக்ஸ். சம்பளம் குறைவு. ஆனால் டிசைன் என்று நான் இன்று சொல்லிக்கொள்ளும் எதுவும் அந்த எட்டுக்குப் பத்து அறையில் கற்றதுதான்.

முதல் வாரம் ஒரு கிருஹப்பிரவேசப் பத்திரிகை. வாடிக்கையாளர் வாட்ஸ்அப்பில் அனுப்பிய தெலுங்கை எடுத்து ஃபோட்டோஷாப்பில் ஒட்டி, தலைப்பை மட்டும் என் கையால் வரைந்து அழகுபடுத்தினேன். கடைக்கார அண்ணா எட்டிப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "தலகட்டு ஏதி?"

தலகட்டு எங்கே என்கிறார். தெலுங்கில் பெரும்பாலான எழுத்துகளின் தலைமேல் ஒரு சின்ன டிக் மாதிரிக் கோடு இருக்கும். அதற்குப் பெயர் தலகட்டு. நான் அதை அலங்காரம் என்று நினைத்து, சுத்தமாகத் தெரியட்டும் என்று எடுத்துவிட்டிருந்தேன். அந்தக் கோடு அலங்காரம் இல்லை. தலகட்டு பொதுவாக எழுத்தில் இருக்கும் அகரத்தின் அடையாளம். இகரம், எகரம் என்று வேறு உயிர் சேரும்போது பல எழுத்துகளில் அது வேறு குறிக்கு இடம் கொடுத்துவிடும். உயிரே இல்லையென்றாலும் போய்விடும். தமிழில் நாம் உயிர் போனதைக் காட்டப் புள்ளி வைக்கிறோம். தெலுங்கில் உயிர் இருப்பதைக் காட்டவே கோடு போட்டு வைத்திருக்கிறார்கள். இரண்டு எழுத்துமுறைகளும் ஒரே பிராமியிலிருந்து கிளைத்தவை. உயிரைக் குறிக்கும் இந்தச் சின்ன இடத்தில் எவ்வளவு வேறாகப் போயிருக்கின்றன! அன்றைக்கு இரவு தூக்கம் வரவில்லை எனக்கு. சந்தோஷத்தால்தான்.

அண்ணாவுக்கு பாபு என்றால் உயிர். தெலுங்கு ஓவியரும் சினிமா இயக்குநருமான பாபு. அவருடைய கையெழுத்து எழுத்துருவாகவே வந்திருக்கிறது. பத்திரிகைத் தலைப்புகளிலும் புத்தக அட்டைகளிலும் பார்த்த உடனே தெலுங்குக்காரர்கள் பெயர் சொல்லிவிடுவார்கள். "உங்க மெட்ராஸ்லதான்மா இருந்தார்" என்று அண்ணா என்னிடம் பெருமையாகச் சொல்வார். பாபு 2014-இல் காலமானதும் சென்னையில்தான். பதிலுக்கு நான் ஓவியர் ஆதிமூலம் சிற்றிதழ்த் தலைப்புகளுக்கு வரைந்த எழுத்துகளைக் காட்டினேன். அண்ணாவுக்குத் தமிழ் படிக்கத் தெரியாது. ஆனாலும் வெகுநேரம் பார்த்துவிட்டு, "இவர் கோட்டுக்குப் பயப்படாதவர்" என்றார்.

இங்கே ஒரு தொழில்நுட்ப விஷயம். இந்திய மொழியில் வேலை செய்ய நினைப்பவர்கள் முதல் நாளே தெரிந்துகொள்ள வேண்டும், எந்தக் கோர்ஸிலும் எனக்கு யாரும் சொல்லித்தரவில்லை. அன்று எங்கள் கடையில் இருந்த ஃபோட்டோஷாப்பில் தெற்காசிய மொழிகளுக்கான எழுத்தமைப்பைத் தனியாகத் தேர்ந்தெடுக்க வேண்டியிருந்தது. இல்லஸ்ட்ரேட்டரில் இந்திய மொழித் தெரிவுகளை முதலில் காட்டச் சொல்லிவிட்டு, பத்தி அமைப்பில் 'வேர்ல்டு ரெடி' கம்போஸருக்கு மாற்ற வேண்டும். மாற்றாவிட்டால் தமிழில் கொம்பு எழுத்துக்குப் பின்னால் போய் நிற்கும். தெலுங்கில் ஒற்றுக்குக் கீழே தொங்க வேண்டிய எழுத்து கீழே இறங்காமல் பக்கத்திலேயே நிற்கும். மொழி தெரியாதவர் கண்ணுக்கு எல்லாம் சரியாகவே இருக்கும். அப்படியே அச்சாகி ஊர் முழுக்கத் தொங்கும். இன்னொன்றும் உண்டு. டிடிபி கடைகளில் பலவும் இன்றுகூடப் பழைய அனு எழுத்துருக்களில்தான் வேலை செய்கின்றன. யூனிகோடில் வந்த வாசகத்தை அங்கே ஒட்டினால் குப்பையாகிவிடும். தமிழில் பாமினி எழுத்துரு வைத்திருந்தவர்களுக்கு இந்த வலி சொல்லாமலே புரியும். அச்சகத்துக்கு அனுப்பும் முன் எழுத்துகளையெல்லாம் கர்வ்ஸாக மாற்றிவிடுங்கள். அந்தப் பக்கத்துக் கம்ப்யூட்டரில் உங்கள் எழுத்துரு இருக்காது.

தெலுங்கில் ஒற்றெழுத்தை அடுத்து வரும் மெய் கீழே சின்னதாகத் தொங்கும், அதை ஒத்து என்பார்கள். 'ஸ்ரீ லக்ஷ்மி' என்று எழுதினால் மேலே ஒரு குறி, நடுவில் எழுத்து, கீழே ஒத்து என்று மூன்று மாடி வந்துவிடும். தமிழ் மாடி கட்டாது, பக்கவாட்டில்தான் நீளும். தெலுங்கு குட்டையாக நின்று உயரத்தைச் சாப்பிடும், தமிழ் நீண்டு அகலத்தைச் சாப்பிடும். இரண்டையும் ஒரே அட்டையில் உட்காரவைக்கும்போது ஒரே புள்ளியளவு கொடுத்தால் ஒன்று கத்தும், ஒன்று முணுமுணுக்கும். கண்ணால் பார்த்துத்தான் சமன்செய்ய வேண்டும்.

இந்தச் சிக்கலுக்கு விடை தேடி உழைத்தவர்கள் நம் நாட்டிலேயே இருக்கிறார்கள் என்பது தெரிந்த நாள் எனக்குப் பண்டிகை. மும்பையின் ஏக் டைப் குழு 'பலூ' என்று ஓர் எழுத்துருக் குடும்பம் செய்திருக்கிறது. ஒரே குணம், பல எழுத்துமுறை. தமிழுக்கு அதன் பெயர் பலூ தம்பி. தெலுங்குக்கு பலூ தம்முடு. உருதுவுக்கு பலூ பாய்ஜான். மலையாளத்துக்கு பலூ சேட்டன். எங்கள் தெருவில் ஒரு நாளில் நான் கேட்கும் அத்தனை விளிகளும் அந்தப் பட்டியலில் இருக்கின்றன. அதே குழு 2022-இல் வெளியிட்ட 'அனேக்' குடும்பத்தில் தமிழும் தெலுங்கும் உட்பட ஒன்பது இந்திய எழுத்துமுறைகளும் ஆங்கிலமும் உண்டு. அகலத்தையும் கனத்தையும் தேவைக்கு ஏற்ப ஏற்றி இறக்கலாம். குறுகலான கடைப் பலகையில் நீளமான தமிழ்ச் சொல்லை நசுக்காமல் அடக்க இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியாது. இரண்டுமே கூகுள் ஃபான்ட்ஸில் இலவசம். படிக்கவும் காசு தேவையில்லை. ஐ.ஐ.டி. பம்பாயின் ஐ.டி.சி. நடத்தும் டி'சோர்ஸ் தளத்தில் எழுத்துருவியல் பாடங்கள் திறந்தே கிடக்கின்றன. நான் கட்டிய கோர்ஸ் பணத்தை நினைத்தால் இப்போதும் அப்பாவின் ஓவர்டைம்தான் கண்முன் வருகிறது.

பயிற்சிக்கு எதை வரைவது என்று அந்தப் பெண் கேட்டாள். நான் இ.சி.ஐ.எல். மதிலைக் காட்டினேன். இந்தியாவின் மின்னணு வாக்குப்பதிவு இயந்திரங்களைச் செய்யும் இரண்டு நிறுவனங்களில் ஒன்று அது, இன்னொன்று பாரத் எலக்ட்ரானிக்ஸ். அந்த இயந்திரத்தில் பெயருக்குப் பக்கத்தில் இருக்கும் சின்னங்களை நினைத்துப் பாருங்கள். சைக்கிள், சீலிங் ஃபேன், டார்ச் லைட். எழுத்துத் தெரியாதவரும் தப்பாமல் கண்டுபிடிக்க வேண்டும். கறுப்பு வெள்ளைதான், கட்டைவிரல் அளவுதான் இடம். தேர்தல் ஆணையத்தில் வரைவாளராக இருந்த எம்.எஸ். சேத்தி பென்சிலால் வரைந்தவை பல. நோட்டாவுக்கு 2015-இல் சின்னம் வரைந்து கொடுத்தது அகமதாபாத்தின் தேசிய வடிவமைப்பு நிறுவனம். ஒரு தாள், அதன்மேல் ஒரு பெருக்கல் குறி, அவ்வளவுதான். கோடிக்கணக்கானவர்கள் பார்க்கும் டிசைன் அது. யாரும் டிசைன் என்று நினைப்பதில்லை.

நான் ஒரு வருஷம் வாரம் ஒரு சின்னம் என்று வரைந்தேன். இட்லிப் பானை, தையல் மெஷின், ஆட்டோ மீட்டர், அப்பாவின் லேத். ஒன்றரை சென்டிமீட்டரில் அச்சடித்து அம்மாவிடம் காட்டுவேன். கண்ணாடி போடாமல் சொல்ல வேண்டும். லேத்தை அம்மா இரண்டு முறை கட்டில் என்றார். மூன்றாம் முறை லேத்தின் 'சக்'கைப் பெரிதாக்கினேன், 'பெட்'டை மெலிதாக்கினேன். "உங்க அப்பா மெஷின்" என்றார். அந்த மூன்று படங்களும் இன்று என் போர்ட்ஃபோலியோவில் வரிசையாக இருக்கின்றன.

அதில் முதல் இடத்தில் இருப்பது ஒரு டிபன் சென்டர் போர்டு. 2023-இல் செய்தது. பன்னிரண்டு அடிக்கு நான்கு அடி. எதிர்ச்சாரி பஸ் நிறுத்தத்திலிருந்து சுமார் அறுபது அடி தூரம். பத்தடிக்கு ஓர் அங்குலம் என்பது போர்டு எழுதுபவர்களின் கைக்கணக்கு. அப்படியென்றால் ஆறு அங்குல எழுத்து. ஆங்கிலத்துக்கு ஆறு அங்குலம் என்றால் ஆறு அங்குலம். தெலுங்கில் மேல்மாடி கீழ்மாடியோடு சேர்த்து ஒரு வரிக்கே ஓர் அடி போய்விட்டது. மீதி மூன்று அடியில் ஆங்கிலப் பெயர், ஃபோன் நம்பர், வெங்கடேஸ்வரர், இட்லி, தோசை, பூரி, மைசூர் பஜ்ஜி எல்லாம் வேண்டும் என்றார் உரிமையாளர். படங்களைக் குறைக்கலாம் என்றேன். "தோசை இல்லாம டிபன் சென்டராம்மா?" என்றார். அவர் சொல்வதிலும் நியாயம் இருந்தது. படிக்கத் தெரியாத பட்டறைப் பையன்களுக்குத் தோசைதான் எழுத்து. கடைசியில் ஒரே ஒரு தோசை, வலப்பக்கம், பெரிதாக. மற்றவை உள்ளே விலைப்பட்டியலுக்குப் போயின.

அந்த வேலையில் நான் ஒரு தவறும் செய்தேன். ஃப்ளெக்ஸை இரும்பு ஃப்ரேமில் இழுத்துப் பின்பக்கம் மடித்துக் கட்டுவார்கள். அதற்குச் சுற்றிலும் சில அங்குலம் விட வேண்டும். காகிதத்துக்கு மூன்று மில்லிமீட்டர் விட்டுப் பழகிய கை, இங்கேயும் கொஞ்சமாக விட்டது. மாட்டியபோது ஃபோன் நம்பரின் கடைசி எண் ஃப்ரேமின் விளிம்பில் மடங்கிப் பக்கவாட்டுக்குப் போய்விட்டது. இரண்டாவது ஃப்ளெக்ஸ் என் பணத்தில் அடித்தேன். மடங்கிய போர்டின் படத்தையும், திருத்திய அளவையும், ராத்திரி டியூப்லைட்டில் எடுத்த கடைசிப் படத்தையும் ஒரே பக்கத்தில் வைத்திருக்கிறேன். போர்ட்ஃபோலியோவைப் பார்த்தவர்கள் எல்லோரும் அந்தப் பக்கத்தில்தான் நின்றார்கள். கேள்வி கேட்டார்கள். வேலையும் கொடுத்தார்கள்.

அதனால்தான் அந்தப் பெண்ணிடம் சொன்னேன்: பதினெட்டு வேண்டாம், ஐந்து போதும். ஒவ்வொன்றிலும் யார் கேட்டார்கள், என்ன கேட்டார்கள், முதலில் என்ன செய்தாய், ஏன் மாற்றினாய் என்று எழுது. பென்சில் கிறுக்கலைத் தூக்கிப் போடாதே. நிஜமாக மாட்டிய இடத்துக்குப் போய்ப் படம் எடு, தெருவும் மனிதர்களும் சேர்ந்து தெரியட்டும். பிஹான்ஸில் போடு, நல்லதுதான். ஆனால் நம் பக்கத்தில் வேலை கொடுப்பவர் வாட்ஸ்அப்பில்தான் பார்ப்பார். ஃபோனில் உடனே திறக்கும் ஒரு சின்ன பி.டி.எஃப். கட்டாயம் வைத்துக்கொள்.

யோசித்த விதத்தைக் காட்டுவது என்றால் எனக்கு உதயகுமார்தான் நினைவுக்கு வருவார். ரூபாய்க் குறியை வரைந்த தமிழர். அரசு நடத்திய போட்டிக்கு 3,000-க்கும் மேற்பட்ட வடிவங்கள் வந்தன, ஐந்து பேர் இறுதிச் சுற்றுக்குப் போனார்கள், 2010 ஜூலை 15 அன்று மத்திய அமைச்சரவை அவருடையதை ஏற்றது. தேவநாகரி 'ர', தண்டு இல்லாத ஆங்கில 'ஆர்', மேலே தேவநாகரியின் தலைக்கோடு. ஏன் இரண்டு கோடு, ஏன் தண்டு இல்லை என்று எதைக் கேட்டாலும் அதில் பதில் உண்டு. அவர் ஐ.ஐ.டி. பம்பாயில் முனைவர் பட்டத்துக்கு ஆராய்ந்தது தமிழ் எழுத்துருவியலை. தமிழ் எழுத்தின் வளைவுகளில் வருஷக்கணக்கில் கிடந்த கண்தான் தேவநாகரியின் தலைக்கோட்டை அப்படிப் பார்த்திருக்கிறது. ஓர் எழுத்தை ஆழமாகக் கற்றவருக்கு இன்னோர் எழுத்து அந்நியமாக இருப்பதில்லை. தலகட்டைத் தெரிந்துகொண்ட பிறகுதான் நானும் புள்ளியை ஒழுங்காக வைக்கக் கற்றேன். அதுவரை என் தமிழ்த் தலைப்புகளில் புள்ளி, தூசி மாதிரி எங்கேயோ ஒட்டிக்கொண்டிருந்தது.

டெஸ்ட் வேலை பற்றியும் அவள் கேட்டாள். ஒரு நிறுவனம் என்னிடம் மாதிரிக்கு என்று ஐந்து போஸ்டர் கேட்டது. நான்கு இரவு உட்கார்ந்து செய்து அனுப்பினேன். பதிலே வரவில்லை. இரண்டு மாதம் கழித்து அதில் ஒன்றை அவர்களுடைய இணையப் பக்கத்திலேயே பார்த்தேன், நிறம் மட்டும் மாற்றியிருந்தார்கள். அன்று அழுதேன். அதற்குப் பிறகு மாதிரி வேலை என்றால் ஒன்றுதான், அதுவும் ஒரு நாளில் முடிவதுதான், வாட்டர்மார்க் இல்லாமல் எதுவும் போகாது. எத்தனை பெரிய இடமாக இருந்தாலும் இந்த நிபந்தனைகளை முதலிலேயே சொல்லிவிடு என்று அவளிடம் அழுத்தமாகவே சொன்னேன். தலையாட்டினாள். தைரியம் வர கொஞ்ச நாளாகும்.

கிளம்பும்போது தன் ஃபோனைக் காட்டினாள். பதினான்கு லோகோ. ஒன்றில் மட்டும் தெலுங்கு இருந்தது, அவளுடைய அம்மாவின் பிளவுஸ் தையல் கடைக்கு வரைந்தது. ஊசியின் நூலே சுழன்று தலகட்டாகியிருந்தது. "இதை ஏன் கடைசியில வச்சிருக்கே?" என்றேன். "அது சும்மா வீட்டுக்குப் போட்டதுக்கா" என்றாள். அதை முதல் பக்கத்துக்குக் கொண்டுவந்துவிட்டுத்தான் அவளை விட்டேன்.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது டிபன் சென்டர்காரர் அழைத்தார். இரண்டு கோடைகாலத்து வெயிலில் ஃப்ளெக்ஸ் வெளுத்துவிட்டதாம், தோசை வெள்ளைப் பணியாரம் மாதிரி ஆகிவிட்டதாம். புதிதாக அடிக்க வேண்டும். 2025 ஜனவரியில் செர்லபல்லியில் புது ரயில் முனையம் திறந்ததிலிருந்து அந்தப் பக்கம் போகிற வருகிற கூட்டம் கூடியிருக்கிறது. "உங்க ஊர்க்காரங்களும் வர்றாங்கம்மா. தமிழ்லயும் ஒரு வரி போட்டுரு" என்றார்.

அதே பன்னிரண்டுக்கு நான்குதான். தெலுங்கு ஓர் அடி கேட்கும், தோசையை எடுக்க அவர் விடமாட்டார். தமிழ் வரிக்கு அகலம் எங்கிருந்து வரும் என்று இன்னும் பிடிபடவில்லை. அனேக்கில் அகலத்தைக் குறைத்து நாலு விதமாக அச்சடித்துச் சுவரில் ஒட்டியிருக்கிறேன், வாசலில் நின்று பார்த்தால் மூன்றாவது கொஞ்சம் பரவாயில்லை. நாளைக் காலை ஆறரைக்குக் கூட்டம் வருவதற்குள் ஃப்ரேமை மறுபடி அளக்கப் போகிறேன். அப்பாவின் பழைய ஸ்டீல் டேப்பைப் பையில் எடுத்து வைத்துவிட்டேன்.